பொலிஸ் வழக்கு வேறு, நட்டஈட்டு வழக்கு வேறு

தமிழ்நாட்டுச் செய்திகளைத் தவறாமல் பார்க்கும் கொழும்புக்காரருக்கு ஒரு செய்தி பழகிப்போனது. விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு நட்டஈடு கட்டாத அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் பேருந்தை நீதிமன்ற ஊழியர்கள் பேருந்து நிலையத்துக்கே போய் ஜப்தி செய்வார்கள். அதன் பின்னால் இருப்பவை 1988ஆம் ஆண்டின் இந்திய மோட்டார் வாகனச் சட்டமும், விபத்து நட்டஈட்டுக் கோரிக்கைகளுக்கென்றே அமைந்த தீர்ப்பாயங்களும். இறந்தவரின் வயதுக்கு ஏற்ப அவருடைய வருட வருமானத்தை எந்த எண்ணால் பெருக்குவது என்பதற்குக்கூட அங்கு அட்டவணை உண்டு. 2009இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அதை ஒழுங்குபடுத்தியது. வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒரு மரண வீட்டில் "வழக்கு நடக்கிறதுதானே, காசு வரும்" என்று ஆறுதல் சொல்பவர்களில் பலர் இந்தப் படத்தைத்தான் மனதில் வைத்திருக்கிறார்கள்.

இலங்கையில் அப்படி ஒரு தீர்ப்பாயம் இல்லை. இங்கே முழு நட்டஈடு வேண்டுமென்றால் குடும்பமே மாவட்ட நீதிமன்றத்தில் சிவில் வழக்குத் தொடுக்க வேண்டும். சாரதி கவனக்குறைவாக ஓட்டினார் என்பதை நிறுவ வேண்டும். இறந்தவர் தமக்கு என்ன கொடுத்துவந்தார் என்பதையும் நிறுவ வேண்டும். ஒவ்வோர் ஆண்டும் 2,000 பேருக்கு மேல் வீதியில் உயிரிழக்கும் ஒரு நாட்டில், அந்த மரணங்களுக்கான பரிகாரம் காணித் தகராறும் கடன் வழக்கும் நிற்கும் அதே வரிசையில் நிற்கிறது.

குழப்பம் தொடங்கும் இடம் பொலிஸ் நிலையம். விபத்து நடந்த உடனேயே ஒரு வழக்கு தானாகத் தொடங்கிவிடுகிறது. பொலிஸார் சாரதியைக் கைது செய்கிறார்கள். தண்டனைச் சட்டக்கோவையின் 298ஆம் பிரிவின் கீழ், அசட்டையாலோ கவனயீனத்தாலோ மரணம் விளைவித்ததாக நீதவான் நீதிமன்றத்தில் முற்படுத்துகிறார்கள். மோட்டார் போக்குவரத்துச் சட்டத்தின் கீழும் குற்றச்சாட்டுகள் சேரும். சாரதி பிணையில் வெளியே வருவார். அதன்பின் புதுக்கடை நீதிமன்றத்துக்குத் தவணைக்குத் தவணை அலைச்சல். சட்டமா அதிபரின் ஆலோசனைக்காகக் கோப்பு போயிருக்கிறது என்பார்கள், சாட்சி வரவில்லை என்பார்கள், அடுத்த தவணை என்பார்கள். 298ஆம் பிரிவுக்கு அதிகபட்சத் தண்டனை ஐந்து ஆண்டுச் சிறை. ஆனால் அபராதத்தோடும் ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனையோடும் முடிகிற வழக்குகள் ஏராளம்.

அந்த வழக்கில் வழக்காளி அரசு. இறந்தவரின் மனைவி அங்கே ஒரு சாட்சி மட்டுமே. குற்றவாளியாகக் காணப்பட்டவர் பாதிக்கப்பட்டவருக்கு ஏதாவது பணம் செலுத்த வேண்டும் என்று கட்டளையிட 1979ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை நீதவானுக்கு அதிகாரம் தருகிறது. கிடைத்தால் நல்லது. ஆனால் ஒரு குடும்பத்தின் இருபது வருட வருமானத்தை ஈடுசெய்யும் தொகை அந்த வழியாக வருவதில்லை. அது வேறொரு நீதிமன்றத்தில், வேறொரு வழக்கில், குடும்பம் தானாகப் போய்க் கேட்டால்தான் வரும்.

இங்கேதான் பல குடும்பங்கள் தோற்கின்றன. காலவரையறை பற்றிய 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், தீங்கினால் வந்த இழப்புக்கான வழக்கை இரண்டு ஆண்டுகளுக்குள் தொடுக்க வேண்டும் என்கிறது. விக்டோரியா மகாராணி காலத்துச் சட்டம். இன்றும் உயிரோடு இருக்கிறது. நீதவான் நீதிமன்ற வழக்கு நடந்துகொண்டிருக்கிறது என்பதற்காக அந்தக் கடிகாரம் நிற்பதில்லை. "முதலில் பொலிஸ் கேஸ் முடியட்டும், அதன் பிறகு காசைப் பார்ப்போம்" என்பது வீட்டில் மூத்தவர்கள் சொல்லும் நியாயமான பேச்சாகத் தோன்றும். மூன்றாம் ஆண்டில் சாரதி குற்றவாளியென்று தீர்ப்பு வரும்போது, அதைக் கையில் வைத்துக்கொண்டு சிவில் வழக்குப் போடக் காலம் கடந்திருக்கும். இரண்டையும் சமகாலத்தில் நடத்தலாம், நடத்தவும் வேண்டும் என்று அந்தக் குடும்பத்துக்கு யாரும் சொல்லியிருக்கமாட்டார்கள். மரண விசாரணை நடக்கும் நாளில், உடலைப் பொறுப்பேற்கும் உறவினர் கையில் வாகன இலக்கம், காப்புறுதி நிறுவனத்தின் பெயர், வழக்குத் தொடுக்க வேண்டிய கடைசித் திகதி ஆகிய மூன்றையும் எழுதிய ஒரு தாளைக் கொடுப்பதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. ஒரு சுற்றறிக்கை போதும்.

சரி, யார்மீது வழக்கு? காப்புறுதி நிறுவனத்தின் மீது என்று பலர் நினைக்கிறார்கள். 1951ஆம் ஆண்டின் 14ஆம் இலக்க மோட்டார் போக்குவரத்துச் சட்டப்படி மூன்றாந் தரப்புக் காப்புறுதி இல்லாமல் எந்த வாகனமும் வீதியில் ஓடக்கூடாது. வருடாந்த வருமான அனுமதிப்பத்திரம் எடுக்கும்போதே அந்தச் சான்றிதழைக் காட்ட வேண்டும். ஆகவே பணம் பெரும்பாலும் காப்புறுதி நிறுவனத்திடமிருந்துதான் வரும். ஆனால் வழக்கின் எதிராளிகள் சாரதியும் உரிமையாளரும். அவர்களுக்கு எதிராகத் தீர்ப்பாகும் தொகையைச் செலுத்தும் கடமையைத்தான் 105ஆம் பிரிவு நிறுவனத்தின் தலையில் வைக்கிறது. அதற்கும் ஒரு நிபந்தனை உண்டு. வழக்குத் தொடுப்பதற்கு முன்னரோ, தொடுத்த ஏழு நாட்களுக்குள்ளோ நிறுவனத்துக்கு அறிவித்தல் கொடுத்திருக்க வேண்டும். ஐந்து வருடம் வழக்காடி வென்றபின், அறிவித்தல் போகவில்லை என்ற ஒரே காரணத்தால் நிறுவனம் கைவிரிக்க முடியும். அப்போது கையில் மிஞ்சுவது, மாதச் சம்பளத்துக்கு லொறி ஓட்டும் ஒரு சாரதிக்கு எதிரான தீர்ப்பு. அந்தத் தீர்ப்புத் தாளைக் கண்ணாடிச் சட்டகத்தில் போட்டுச் சுவரில் மாட்டலாம்.

உரிமையாளரைக் கண்டுபிடிப்பதும் லேசான வேலை இல்லை. பெயர் மாற்றாமலே இரண்டு மூன்று கை மாறிய வாகனங்கள் கொழும்பில் நிறைய ஓடுகின்றன. பதிவுப் புத்தகத்தில் ஒருவர் பெயர், குத்தகை நிறுவனம் முழு உரிமையாளர் என்று இன்னொரு பெயர், உண்மையில் வண்டியை நடத்துபவர் மூன்றாமவர். பெயர் இருப்பதனால் மட்டும் ஒருவர் பொறுப்பாளியாகிவிடுவதில்லை. சாரதி அவருடைய ஊழியராகவோ அவருக்காக ஓட்டியவராகவோ இருந்திருக்க வேண்டும். தனியார் பஸ் என்றால் அனுமதிப்பத்திரம் யார் பெயரில் என்ற கேள்வியும் சேர்ந்துகொள்ளும். அரச திணைக்கள வாகனம் என்றால் எதிராளி சட்டமா அதிபர். வழக்குக்கு ஒரு மாதம் முன்னதாக அவருக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும் என்று குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 461ஆம் பிரிவு சொல்கிறது. அந்த ஒரு மாதமும் இரண்டு ஆண்டுக் கணக்குக்குள்தான்.

தொகை எப்படி வருகிறது என்பதுதான் மக்களுக்கு மிகவும் கசக்கும் பகுதி. இலங்கையின் தீங்கியல் சட்டம், அதாவது ஒருவரின் பிழையால் மற்றவருக்கு நேரும் இழப்புக்கான சட்டம், ஒல்லாந்தர் விட்டுச்சென்ற உரோம-டச்சுச் சட்டம். யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமையோ முஸ்லிம் சட்டமோ இதில் தலையிடுவதில்லை, எல்லோருக்கும் ஒன்றுதான். அது ஓர் உயிருக்கு விலை போடுவதில்லை. இறந்தவரை நம்பி வாழ்ந்தவர்கள் அவருடைய இறப்பினால் இழந்த பணத்தை மட்டுமே அளந்து வந்தது. துக்கத்துக்கும் தனிமைக்கும் அதில் நெடுங்காலம் இடமிருக்கவில்லை. 2001இல் ஒரு மருத்துவக் கவனயீன வழக்கில், இறந்த குழந்தையின் அன்பையும் தோழமையையும் இழந்ததற்காகப் பெற்றோர் நட்டஈடு பெற முடியாது என்று நமது உயர் நீதிமன்றம் தெளிவாகவே சொன்னது. பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில் ஒரு பிள்ளை லொறியில் அடிபட்டு இறந்தால், சட்டத்தின் கணக்கில் அப்போது பெற்றோரின் இழப்பு ஈமச் செலவுக்கு மேல் அதிகம் போகாமல் இருந்தது. உழைக்கும் மகன் இறந்திருந்தால், வறுமையில் உள்ள பெற்றோர் அவருடைய ஆதரவில் வாழ்ந்தார்கள் என்று காட்டிக் கேட்கலாம். இந்த வேறுபாட்டை ஒரு தாயிடம் விளக்கிச் சொல்லும் துணிவு எனக்கு இருந்ததில்லை. சட்டத்தரணிகள் தினமும் அதைச் செய்தார்கள். ஒருவரின் மரணத்துக்கான நட்டஈடு பற்றி 2019இல் வந்த சட்டம்தான் அன்பையும் தோழமையையும் இழந்ததற்கும் நட்டஈடு கேட்க வழி திறந்தது.

உழைத்த ஒருவர் இறந்தால் கணக்கு ஏறக்குறைய இப்படிப் போகும். 38 வயது, காலி வீதியில் ஒரு கடையில் வேலை, மாதம் 90,000 ரூபா சம்பளம், மனைவியும் இரண்டு பிள்ளைகளும் என்று வைத்துக்கொள்வோம். தமக்காக அவர் செலவழித்தது 30,000 என்றால், குடும்பம் இழந்தது மாதம் 60,000, வருடத்துக்கு 720,000. அறுபது வயதுவரை உழைத்திருப்பார் என்று கொண்டால் 22 ஆண்டுகளுக்கு 1 கோடியே 58 இலட்சத்து 40 ஆயிரம். நீதிமன்றம் அப்படியே தூக்கிக் கொடுக்காது. பல வருடங்களில் வரவேண்டிய பணம் ஒரே தடவையில் வருகிறது, நோயோ வேலையிழப்போ வந்திருக்கலாம், பிள்ளைகள் வளர்ந்து தம் காலில் நின்றிருப்பார்கள் என்று ஒவ்வொன்றுக்கும் கழித்துக்கொண்டு வரும். எவ்வளவு கழிப்பது என்பதற்கு இந்தியாவில் இருப்பதுபோல் இறுக்கமான அட்டவணை இங்கே இல்லை. நீதிபதியின் மதிப்பீட்டுக்கு விடப்பட்டது நிறைய.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். வழக்குரையில் கேட்ட தொகைக்கு மேல் தீர்ப்பாகாது. 2019இல் அன்றைய சம்பளத்தையும் அன்றைய விலைவாசியையும் வைத்து எழுதிய கோரிக்கை, 2022இல் ஒரு டொலர் 200 ரூபாவிலிருந்து 360க்கு மேல் போனபிறகு என்ன பெறுமதி என்பதை யோசித்துப் பாருங்கள். வழக்கு இழுபட இழுபட, தவறு செய்த தரப்புக்குக் கடன் கரைகிறது. சமரசத்துக்கு அவசரப்பட வேண்டிய தேவை காப்புறுதி நிறுவனத்துக்கு ஏன் இல்லை என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் கிடையாது.

மேலே சொன்ன உதாரணத்தில் சம்பளச் சீட்டு இருந்தது. புறக்கோட்டையில் மூட்டை சுமக்கும் நாட்டாமிக்கு அது எங்கே? நாட்கூலி, கையில் காசு, ஊழியர் சேமலாப நிதியும் இல்லை. முச்சக்கர வண்டி ஓட்டுபவர், நடைபாதையில் துணி விற்பவர், கல்யாண வீடுகளுக்குச் சமைக்கப் போகிறவர் எல்லோருக்கும் இதே நிலை. முதலாளி கடிதம் தரத் தயங்குவார், ஏனென்றால் அந்தக் கடிதமே சேமலாப நிதி கட்டாததற்கான அத்தாட்சியாகிவிடும். அப்படிப்பட்ட வீடுகளில் வங்கிப் புத்தகம், வாடகைப் பற்றுச்சீட்டு, நகை அடகுச் சீட்டு, பிள்ளைகளின் வகுப்புக் கட்டணத் துண்டுகள், சீட்டுக் கட்டிய கணக்குக் கொப்பி என்று கிடைப்பதையெல்லாம் சேர்த்து வருமானத்தைக் காட்ட வேண்டியிருக்கிறது. வாய்மொழிச் சாட்சியத்தை நீதிமன்றம் ஒதுக்கிவிடுவதில்லை. ஆனால் தாள் இல்லாத இடத்தில் தொகை சுருங்கும்.

வீட்டிலிருக்கும் மனைவி இறந்தால் நட்டஈடு இல்லை என்று ஒரு தவறான எண்ணம் பரவலாக இருக்கிறது. அவர் செய்த வேலையை இப்போது பணம் கொடுத்துச் செய்விக்க வேண்டியிருக்கிறது என்றால் அது பணத்தில் அளக்கக்கூடிய இழப்புத்தான். திருமணத்தைப் பதிவு செய்யாத தம்பதியர் விடயத்திலும் உடனே கைகழுவ வேண்டியதில்லை. வழமைப்படி தாலி கட்டி நடந்த திருமணத்தையும், ஊர் அறியக் கணவன் மனைவியாக வாழ்ந்ததையும் இலங்கை நீதிமன்றங்கள் ஏற்றிருக்கின்றன. ஆனால் அதற்கும் ஐயரையோ அயலவரையோ சாட்சிக் கூண்டில் ஏற்ற வேண்டும். புகைப்படம் தேட வேண்டும். பதிவுச் சான்றிதழ் இருந்திருந்தால் ஒரு நிமிட வேலை.

எதிர்த்தரப்பு முதலில் வைக்கும் வாதம் இறந்தவர்மீதே பழி போடுவது. பாதசாரிக் கடவையில் கடக்கவில்லை, தலைக்கவசத்தைக் கட்டவில்லை, ஓடும் பஸ்ஸில் மிதிபலகையில் தொங்கினார். முன்னொரு காலத்தில் இதனாலேயே முழு வழக்கும் விழுந்துவிடும் ஆபத்து இருந்தது. 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் வந்தபின், இரு பக்கத்திலும் தவறிருந்தால் பங்கு பிரித்துத் தொகையைக் குறைக்கலாம். இறந்தவரால் பேச முடியாது என்பதால் முதல் சில நாட்களில் சேரும் சான்றுகளே பங்கைத் தீர்மானிக்கின்றன. வீதியோரக் கடைகளின் கமராப் பதிவுகள் சில நாட்களிலோ வாரங்களிலோ தாமாக அழிந்துபோகும். பொலிஸார் எடுப்பார்கள் என்று காத்திராமல் உறவினரில் ஒருவர் கடைகடையாகப் போய்க் கேட்பது நல்லது. வாகனப் பரிசோதகரின் அறிக்கை, பொலிஸாரின் வரைபடம், பிரேத பரிசோதனை அறிக்கை, மரண விசாரணை அதிகாரியின் தீர்ப்பு ஆகியவற்றின் உறுதிப்படுத்திய பிரதிகளையும் உரிய நேரத்தில் கேட்டுப் பெற வேண்டும்.

தமிழ்க் குடும்பங்களுக்கு இந்த இடத்தில் மேலதிகமாக ஒரு சங்கடம் இருக்கிறது. கொழும்பில் பல நிலையங்களில் வாக்குமூலம் சிங்களத்தில்தான் எழுதப்படுகிறது. 1987இல் 13ஆவது திருத்தம் தமிழையும் ஆட்சிமொழியாக்கியது உண்மை. இரவு பதினொரு மணிக்கு முறைப்பாட்டுப் புத்தகத்தின் முன்னால் அந்த உண்மை பெரும்பாலும் உறங்கிக்கொண்டிருக்கும். கூட வந்த நண்பர் தமிழில் சொன்னதை அதிகாரி தாம் விளங்கியவாறு எழுத, வாசித்துப் பார்க்காமலே கையெழுத்து விழுகிறது. "அவர் திடீரென்று வீதியைக் கடந்தார்" என்ற ஒரு வரி அப்படித்தான் உள்ளே போகிறது. பின்னர் மாவட்ட நீதிமன்றத்தில் குறுக்குவிசாரணையில் அந்த வரியைத்தான் எடுத்துக் காட்டுவார்கள். தமிழில் எழுதும்படி, இல்லாவிட்டால் எழுதியதைத் தமிழில் வாசித்துக் காட்டும்படி கேட்பது வீண் பிடிவாதம் என்று யாரும் கூசத் தேவையில்லை.

மலையகத்திலிருந்து வந்து கொழும்புக் கடைகளில் வேலை செய்யும் இளைஞர்கள் இறக்கும்போது சிக்கல் இரட்டிப்பாகிறது. வழக்கை விபத்து நடந்த இடத்துக்கோ எதிராளி வசிக்கும் இடத்துக்கோ உரிய நீதிமன்றத்தில் தொடுக்க வேண்டும். தோட்டத்து லயத்தில் இருக்கும் தாய் ஒவ்வொரு தவணைக்கும் ஹட்டனிலிருந்து கொழும்புக்கு வர வேண்டும். ஒரு நாள் சம்பளமும் போகும், பஸ் காசும் போகும். 1978ஆம் ஆண்டின் சட்டத்தால் உருவான சட்ட உதவி ஆணைக்குழு, வருமானம் குறைந்தவர்களுக்குக் கட்டணமின்றி வழக்கை நடத்துகிறது. அதன் தலைமையகம் புதுக்கடை நீதிமன்றச் சூழலிலேயே இருக்கிறது, வெளிமாவட்டங்களிலும் நிலையங்கள் உண்டு. இதை அறியாத வீட்டுக்குத் தரகர் முதலில் வந்துவிடுகிறார். வைத்தியசாலை வாசலிலும் மலர்ச்சாலையிலும் முகவரி விசாரித்துக்கொண்டு வரும் இவர்கள், ஒரு சதமும் முற்பணம் வேண்டாம், வருவதில் ஒரு பங்கு போதும் என்பார்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துக் கேட்பார்கள். காப்புறுதி நிறுவனத்தின் ஆரம்பத் தொகையை அவர்கள் பேசி முடித்துத் தம் பங்கை எடுத்துக்கொண்டபின், முழுத் தீர்வாக ஏற்றுக்கொண்டோம் என்ற கடிதம் மட்டும் கோப்பில் இருக்கும். எல்லாச் சமரசமும் மோசம் என்று சொல்லவில்லை. பத்து வருடம் காத்திருந்து பெறும் ஐம்பது இலட்சத்தைவிட இன்று கிடைக்கும் முப்பது இலட்சம் பல வீடுகளுக்கு மேல். கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டுச் சம்மதிப்பதா, போடாமலே சம்மதிப்பதா என்பதுதான் கேள்வி. சிறுபிள்ளைகளின் பங்கை விட்டுக்கொடுத்து வழக்கைச் சமரசம் செய்ய நீதிமன்றத்தின் அனுமதியும் வேண்டும்.

வாகனம் நிற்காமல் போய்விட்டால் மேலே சொன்ன எதுவும் பயன்படாது. இனங்காணப்படாத வாகனத்தால் இறந்தவர்களின் குடும்பத்துக்கு வீதிப் பாதுகாப்பு தொடர்பான தேசிய சபை ஒரு நிர்ணயித்த தொகையைத் தருகிறது. பெரிய பணமில்லை, ஆனால் வழக்கில்லாமல் கிடைப்பது. கோருபவர்கள் குறைவு.

வேலையோடு தொடர்புபட்ட மரணம் என்றால் நல்ல வழி ஒன்று இருக்கிறது. 1934ஆம் ஆண்டின் வேலையாட்கள் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டத்தில் சாரதியின் பிழையை நிறுவ வேண்டியதில்லை. வேலையின்போது நேர்ந்த விபத்து என்றால் முதலாளி கொடுக்க வேண்டும். 2022இல் வந்த திருத்தம் இரண்டு முக்கிய காரியங்களைச் செய்தது. உச்சத் தொகையை 550,000 ரூபாவிலிருந்து 20 இலட்சமாக உயர்த்தியது. வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நேரும் விபத்துகளையும் உள்ளே கொண்டுவந்தது. காலையில் வத்தளையிலிருந்து கோட்டைக்கு மோட்டார் சைக்கிளில் வரும் ஊழியர் வழியில் இறந்தால் அவருடைய குடும்பமும் இதைக் கோரலாம். இதோடு ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியத்தின் மரண உதவியையும் கேட்கத் தவறக்கூடாது.

பெரிய விபத்துகளுக்கு வேறொரு நியதி இருக்கிறது. 2025 மே 11ஆம் திகதி கொத்மலை, கெரண்டி எல்ல பகுதியில் இலங்கைப் போக்குவரத்துச் சபையின் (இ.போ.ச.) பஸ் பள்ளத்தில் விழுந்து இருபதுக்கு மேற்பட்டோர் இறந்தபோது, இறந்தவர்களின் குடும்பங்களுக்குத் தலா 10 இலட்சம் ரூபாவை அரசாங்கம் அறிவித்தது. நியாயமான உதவி. ஆனால் அதே மாதத்தில் மருதானையிலோ பேலியகொடையிலோ தனியாக அடிபட்டு இறந்த ஒருவரின் மனைவிக்கு அப்படி எந்த அறிவிப்பும் வரவில்லை. எத்தனை பேர் சேர்ந்து இறந்தார்கள் என்பதை வைத்து உதவி பிறப்பது அரசியலுக்குப் பொருந்தலாம். பிள்ளைகளின் பள்ளிச் செலவு அப்படிக் கணக்குப் பார்ப்பதில்லை.

எல்லா வழிகளுக்கும் வெளியே நிற்பவர்கள் உணவுப் பொதிகளை மோட்டார் சைக்கிளில் கொண்டுபோகும் இளைஞர்கள். கொழும்பின் மழையிலும் நெரிசலிலும் நேரத்துக்கு எதிராக ஓடுகிறார்கள். வேலை தரும் செயலி நிறுவனங்கள் அவர்களை ஊழியர்கள் என்று ஏற்பதில்லை, ஆகவே வேலையாட்கள் நட்டஈட்டைக் கேட்டால் முதல் தகராறு அங்கேயே தொடங்கும். சேமலாப நிதியும் நம்பிக்கை நிதியும் அவர்கள் பெயரில் இல்லை. இன்னொரு வாகனம் மோதியிருந்தால் மாவட்ட நீதிமன்ற வழி இருக்கிறது. ஈரமான வீதியில் தாமாகவே சறுக்கி விழுந்து இறந்திருந்தால், வண்டிக்கு எடுத்திருந்த மூன்றாந் தரப்புக் காப்புறுதி அவர்களுடைய வீட்டுக்கு ஒரு சதமும் தராது. முழுக் காப்புறுதி எடுத்து, அதில் ஓட்டுபவருக்கான தனிநபர் விபத்துக் காப்பையும் சேர்த்திருந்தால்தான் ஏதேனும் கைக்கு வரும். மாதத் தவணை கட்டி வாங்கிய பழைய மோட்டார் சைக்கிளுக்கு அப்படி எடுத்திருப்பவர்கள் அரிது.